விடுகிற சொல்

மகதலேனா பிரிக்பீல்ட்ஸ் ரயில்வே ஆட்கள் குடியிருக்கும் லயத்து வீட்டுவரிசைக்கு வந்து சேர்ந்தபோது சனிக்கிழமை காலை பத்து மணி இருக்கும். அவள் வந்திருக்க வேண்டியது செவ்வாய்க்கிழமை மத்தியானம் மூன்று மணிக்கு. நடுவில் இருந்த நாலு நாளையும் வெள்ளம் விழுங்கிவிட்டது.

ஆயிரத்துத் தொள்ளாயிரத்து இருபத்தேழு பிறந்த முதல் நாள் அது. கிள்ளானில் அவள் ரயிலேறியபோது வெறும் மழைதான். பத்து தீகா ஸ்டேஷன் வந்தபோது தண்டவாளத்தையே காணோம். தந்திக் கம்பங்களும் சாய்ந்துவிட்டன. மூன்று ராத்திரி ஸ்டேஷன் பெஞ்சில் மருந்துப் பெட்டியைத் தலைக்கு வைத்துப் படுத்தாள். நாலாம் நாள் கிளம்பி, ஒரு மலாய்க்காரரின் சம்பான் படகில் பாதித் தூரம், சேற்றில் நடந்து பாதித் தூரம் என்று வந்திருந்தாள். புது வருஷப் பூசையும் போச்சு. வழியெல்லாம் மழையைத் திட்டிக்கொண்டே வந்தாள். மகதலேனா மாதாவிடம் வேண்டும்போதுகூட அதட்டித்தான் வேண்டுவாள் என்று கிள்ளானில் ஒரு பேச்சு உண்டு.

லயம் கண்ணுக்குத் தெரிந்ததும் திட்டு நின்றுவிட்டது. சீதாலெட்சுமியை எடுத்து அடக்கம் பண்ணியிருப்பார்கள் என்று மனசு சொன்னது.

சீதாலெட்சுமிக்கு இது மூன்றாவது பிரசவம். முதல் இரண்டும் தலை வராமல் காலோடு வந்தவை. கைக்கு அகப்பட்டவர்கள் எல்லாம் பிடித்து இழுத்ததில் இரண்டும் போய்விட்டன. இந்தத் தடவை ஆஸ்பத்திரியில் படித்துச் சான்றிதழ் வாங்கிய மருத்துவச்சியான மகதலேனாவே கிள்ளானிலிருந்து மாதாமாதம் வந்து பார்த்தாள். போன மாதம் புருஷன் வேலாயுதத்தை வாசலில் நிறுத்தி வைத்துச் சொன்னாள்.

"இதுவும் காலோடதான் வரும் போல இருக்கு. வலி கண்டதும் எனக்குத் தந்தி அடி. நான் வர்ற வரைக்கும் ஒருத்தரும் தொடக்கூடாது. யாராச்சும் தொட்டா உன்னைத்தான் கேப்பேன்."

வேலாயுதம் கம்பிச்சடக்கு என்கிற ரயில் பாதையைப் பழுது பார்க்கிற கேங்குக்கு மண்டோர். எட்டு ஆட்களை அதட்டி மேய்க்கிறவன். அன்றைக்குப் பள்ளிக்கூடத்துப் பிள்ளை மாதிரி தலையாட்டினான். "நீங்க வர்ற வரைக்கும் தொட விடமாட்டேன்க்கா" என்றான்.

லயத்துச் சுவர்களில் எல்லாம் முழங்கால் உயரத்துக்கு வெள்ளம் விட்டுப்போன கறை இருந்தது. பாயும் தலையணையும் வெயிலில் கிடந்து நாறின. பக்கத்து வீட்டு இராஜம்மா பொதுக் குழாயடியில் சட்டி தேய்த்துக்கொண்டிருந்தாள். மகதலேனாவைப் பார்த்ததும் அவள் கை நின்றது.

"எப்ப எடுத்தாங்க?" என்று மகதலேனா கேட்டாள்.

"யாரை?"

"சீதாவைத்தான்."

"அது சாகலக்கா."

"அப்ப பொறந்துடுச்சா?"

"பொறக்கவும் இல்ல." இராஜம்மா குரலைத் தாழ்த்தினாள். "நாலு நாளா நாங்க யாரும் அந்த வீட்டுக்குள்ள காலெடுத்து வைக்கல."

அப்போதுதான் மகதலேனாவுக்கு அந்தச் சத்தம் உறைத்தது. தெருவுக்குள் நுழைந்ததிலிருந்தே அது காதில் இருந்திருக்கிறது. ஏறாமல் இறங்காமல் ஒரே சுருதியில், தூரத்தில் மாவு மில் ஓடுகிற மாதிரி இருந்தது.

"என்ன மெஷின் அது?"

"மெஷினா இருந்தா நல்லா இருக்குமே லா" என்றாள் இராஜம்மா. சொல்லிவிட்டு முந்தானையால் வாயை மூடிக்கொண்டாள்.

மண்டோர் வீட்டுக் கதவு திறந்தே கிடந்தது.

லயம் முழுக்க வடிந்துபோன தண்ணீர் அந்த ஒரு வீட்டுக்குள் மட்டும் கணுக்கால் அளவுக்கு நின்றது. நிலைப்படி தாண்டி ஒரு சொட்டு வெளியே வழியவில்லை. வெட்டி வைத்த அகார்-அகார் ஜெல்லி மாதிரி விளிம்பு செங்குத்தாக இருந்தது. தண்ணீர்மேல் ஒரு செருப்பு மிதந்தது, ஆனால் ஆடவில்லை. கூரை ஓரத்திலிருந்து விழுந்த மழைத்துளிகள் பாதி வழியில் அந்தரத்தில் நின்றன. வெளியே வெயில் அடித்துக்கொண்டிருந்தது. உள்ளே மழைக்கால மத்தியானத்தின் மங்கல்.

கதவோரப் பலகைமேல் ஒரு கோழி, ஒற்றைக் காலைத் தூக்கியபடி.

"என் கோழிதான்" என்று பின்னாலிருந்து இராஜம்மா கிசுகிசுத்தாள். "செவ்வாய்க்கிழமை உள்ள போச்சு. தூக்கின காலை இன்னும் கீழ வைக்கல."

மகதலேனா சிலுவை போட்டுக்கொண்டாள்.

வீட்டுக்குப் பின்னாலிருந்து இன்னொரு சத்தம் வந்தது. ஒரு குரல் அழைக்க, பல குரல்கள் பதில் சொல்லின. அவள் சந்து வழியே சுற்றிக்கொண்டு போனாள்.

பின்சுவரின் அடியில் வரிசையாகக் கடப்பாரைகள் செருகியிருந்தன. தண்டவாளத்தை நெம்பித் தூக்குகிற மாதிரி கேங் ஆட்கள் ஏழு பேர் அவற்றைத் தோளால் தாங்கி நின்றார்கள். எதிரில் வேலாயுதம். அவன் வாய் வெடித்து ரத்தம் காய்ந்திருந்தது.

"ஊமரே கித்தாலோ…" என்றான்.

"நேம்" என்றார்கள் ஏழு பேரும். கடப்பாரைகள் ஒரு விரற்கடை உயர்ந்தன.

ரயில்வே ஆட்கள் ஏலேலோ போட்டுக் கம்பி நகர்த்துவதை மகதலேனா எத்தனையோ தடவை பார்த்திருக்கிறாள். இது அந்தப் பாட்டில்லை. தமிழில்லை, தெலுங்கில்லை, மலாயும் இல்லை. கேட்டபோது அவள் பல்லெல்லாம் கூசியது.

எட்டாவது ஆள் சாக்கடை ஓரமாகச் சாய்ந்து கிடந்தான். பஞ்சாக நரைத்த தலை, குழிந்த கன்னம். யாரோ கிழவர் என்று நினைத்துக் குனிந்தாள். நாகையா. போன மாதம் அவளைச் சைக்கிளில் ஸ்டேஷனுக்குக் கொண்டுபோய் விட்டவன். இருபத்தைந்து வயசு அவனுக்கு.

"வந்துட்டீங்களா" என்றான். கண்ணில் தண்ணீர் ஓடியது.

"என்னடா இது? என்ன பண்றீங்க?"

"சடக்குப் பேச்சுக்கா. கம்பி போட்ட காலத்துல பழைய ஆளுங்க உண்டாக்கினது. கேங்குல சேரும்போது சத்தியம் வாங்கிக்கிட்டுத்தான் சொல்லித் தருவாங்க. கம்பியைக் கழட்டி வெச்சிருக்கிற நேரம் பார்த்து ரயிலு வந்துட்டா, பிடிச்சு வைக்கிறதுக்கு."

"ரயிலையா?"

"நேரத்தை."

மகதலேனா அவனை அதட்ட வாயெடுத்தாள். அந்தரத்தில் நின்ற மழைத்துளிகள் ஞாபகம் வந்தன. வாயை மூடிக்கொண்டாள்.

இந்தக் கேங்குக்கு லயத்தில் சோம்பேறிக் கேங் என்று ஒரு பேர் உண்டு. வேலை முடிந்த பிறகு ஒன்பது பேரும் சடக்கோரமாக வரிசையாக உட்கார்ந்து, கண்ணை மூடிக்கொண்டு, கல்லாய்ச் சமைந்திருப்பார்கள். ஊரே கேலி செய்யும். அவர்கள் பிடித்த நேரத்தைத் திருப்பிக் கொடுத்துக்கொண்டிருந்தார்களாம். அஞ்சு நிமிஷம் பிடித்தால் அஞ்சு நிமிஷம் உட்கார்ந்து கழிக்க வேண்டும். அதற்குமேல் பிடித்தவர்கள் யாருமில்லை.

"செவ்வாய்க்கிழமை மூணு பத்துக்குப் பிள்ளையோட ஒத்தக் காலு வெளிய வந்துடுச்சு" என்றான் நாகையா. "கிள்ளான் ரயிலு அரை மணி லேட்டுன்னு ஸ்டேஷன்ல சொன்னாங்க. அரை மணிதானேன்னு பிடிச்சோம். நீங்க வரல."

நீங்க வரல. அவன் குற்றமாகச் சொல்லவில்லை. ஆனாலும் அது மகதலேனாவின் நெஞ்சில் தைத்தது.

"விட்டுத் தொலைச்சிருக்கலாமேடா!"

"மண்டோர் விடல. நீங்க வந்தாத்தான் தொடணும்னு நின்னுட்டாரு. அப்புறம் விடவே பயமாப் போச்சு. பிடிச்சது எல்லாம் அந்தப் பொண்ணுமேல விழுமே. எங்களால முடிஞ்சதை நாங்க வாங்கிக்கிட்டோம்." அவன் தன் நரைத்த தலையைத் தொட்டுக் காட்டினான்.

"இப்ப விட்டா?"

"விடுற சொல்லு ஒண்ணு இருக்கு. அதைச் சொல்லி விட்டா, ஜாக்கியை எறக்குற மாதிரி மெதுவா எறங்கும். தாங்கிக்கும். அது மண்டோருக்கு மட்டும்தான் தெரியும். சொல்லாம கைவிட்டா…" நாகையா கையை உயர்த்தித் தொப்பென்று கீழே போட்டுக் காட்டினான்.

வேலாயுதம் அவளையே பார்த்துக்கொண்டிருந்தான். அவனால் அழைப்பதை நிறுத்திப் பேச முடியாது. ஆனால் அவன் கண் பேசியது. சொன்னபடி செய்திருக்கிறேன், யாரையும் தொட விடவில்லை, இனி உங்கள் பாடு என்றது. மகதலேனாவுக்கு அழுகை முட்டிக்கொண்டு வந்தது. அழுகிற நேரமா இது என்று தன்னையே அதட்டிக்கொண்டாள்.

"நான் உள்ள போனா எனக்கும் அந்தக் கோழி கதிதானா?"

"வெளியேருந்து போறவங்களோட கொஞ்சம் நேரம் ஒட்டிக்கிட்டு வரும்க்கா. நனைஞ்ச துணியில தண்ணி மாதிரி. அது காயறதுக்குள்ள முடிச்சிடுங்க. அந்தக் கோழிக்குக் காஞ்சு போச்சு."

"சரி. கையைத் தயாரா வெச்சுக்கிட்டு நான் கூப்பிடுறேன். கூப்பிட்டதும் மண்டோர் அந்தச் சொல்லைச் சொல்லணும். கேட்டுச்சா மண்டோரே?"

வேலாயுதம் தலையாட்டினான், பள்ளிக்கூடத்துப் பிள்ளை மாதிரியே.

அவள் நிலைப்படியைத் தாண்டினாள். தண்ணீர் அவள் காலுக்கு வழிவிட்டது. கால் எடுத்த இடத்தில் பள்ளம் பள்ளமாக அப்படியே நின்றது. மழையும் மண்ணெண்ணெயும் வேப்பிலையும் கலந்த செவ்வாய்க்கிழமை வாசனை. சுவர்க் கடிகாரத்தில் மூன்று பத்து. உள்ளே போகப் போக அந்த மில் சத்தம் பெரிதாயிற்று.

கட்டிலில் சீதாலெட்சுமி கிடந்தாள். வாய் திறந்திருந்தது.

சத்தம் அந்த வாயிலிருந்துதான் வந்தது.

செவ்வாய்க்கிழமை மத்தியானம் போட்ட ஒரே ஒரு கூச்சல். அது இன்னும் முடியவில்லை.

மகதலேனா பெட்டியைக் கட்டில்மேல் வைத்தாள். "வந்துட்டேன்டி, வந்துட்டேன்டி" என்று சொல்லிக்கொண்டே கட்டிலோரம் மண்டியிட்டாள். வயிறு கருங்கல்லாக இருந்தது. நாலு நாளாக ஒரே வலி, உச்சியில் நின்ற வலி. கன்னத்தில் ஒரு சொட்டுக் கண்ணீர் உருளாமல் நின்றது. கதவைப் பார்த்திருந்த சீதாவின் கண்கள் மட்டும், பார்த்தால் தெரியாதபடி, நிழல் நகர்கிற வேகத்தில் அவள் பக்கம் திரும்பிக்கொண்டிருந்தன.

வெளியே வந்திருந்த ஒற்றைக் காலை அவள் தொட்டாள். வெதுவெதுப்பாக இருந்தது. இன்னொரு காலைத் தேடிக் கையைச் செலுத்தினாள். இருபது வருஷம் பழகிய கை. மடங்கியிருந்த முழங்காலைக் கண்டுபிடித்து, நீவி, இதமாகக் கீழே கொண்டுவந்தாள்.

அந்தக் கால் உதைத்தது.

எல்லாம் நின்றிருந்த அந்த அறையில், அது மட்டும் உதைத்தது.

வெளியே வேலாயுதம் அழைத்தான். "நேம்" என்று பதில் வந்தபோது, அவள் கைக்குள் அந்தக் குட்டிப் பாதம் சரியாக ஒரு தட்டுத் தட்டியது. மறுபடி அழைப்பு, மறுபடி தட்டு. வயிற்றுக்குள் இருந்துகொண்டு அது கேட்டுக்கொண்டிருந்தது. பதில் சொல்லிக்கொண்டிருந்தது.

மகதலேனாவின் விரல்கள் மரக்கத் தொடங்கின. துணி காய்கிறது என்று புரிந்தது.

"மண்டோரே!" என்று கத்தினாள். "விடு!"

வெளியே அழைப்பு நின்றது. வேலாயுதம் மூச்சை இழுப்பது கேட்டது. அவள் காத்திருந்தாள்.

சொல் வரவில்லை.

நாலு நாள், இடைவிடாமல் அழைத்த தொண்டை. முதல் எழுத்துக்கு வெறும் காற்றுதான் வந்தது. இரண்டாவது தடவை மூச்சை இழுத்தான். அதுவும் காற்றுதான். பிறகு ஒரு கடப்பாரை கல்லில் விழுந்தது. அதன் பின்னாலேயே ஓர் உடம்பு விழுந்தது.

"மண்டோரே!" என்று நாகையா அலறினான்.

நாலு நாளும் ஒரே நொடியில் உள்ளே வந்தன.

கூச்சல் அறுந்தது. தண்ணீர் முழங்காலுக்கு எழும்பி, சுவரில் கறை தீட்டி, வாசல் வழியே பாய்ந்து போனது. கடிகார முள் சுற்றிச் சுற்றி நின்றது. கட்டில் குலுங்கியது. மகதலேனா கண்ணை இறுக மூடிக்கொண்டு கைகளை மட்டும் விடாமல் வைத்திருந்தாள்.

கண்ணைத் திறந்தபோது அவள் கையில் பிள்ளை இருந்தது. பெண். உயிரோடு இருந்தது. அழவில்லை. கண்ணை அகலத் திறந்து அவளையே பார்த்தது.

சீதாலெட்சுமியின் முகம் அவள் பக்கம் முழுசாகத் திரும்பியிருந்தது. தொட்டால் சில்லென்று இருந்தது. செவ்வாய்க்கிழமையே போனவள் மாதிரி இருந்தது. பலகைமேல் இருந்த கோழி தூக்கிய காலைக் கீழே வைத்தது, வைத்ததும் சுருண்டு விழுந்தது. உயிர் போன வேலாயுதத்தைச் சந்திலிருந்து தூக்கி வந்து பெண்டாட்டி பக்கத்தில் கிடத்தினார்கள். தன்னால் ஆனதையெல்லாம் செய்தும் ஒன்றும் ஆகவில்லையே என்று மகதலேனா அன்றைக்குத்தான் வாய்விட்டு அழுதாள்.

பிள்ளையைக் கேட்டு உறவு என்று யாரும் வரவில்லை. லயத்தில் தொடவே பயந்தார்கள். மகதலேனா கிள்ளானுக்கு எடுத்துக்கொண்டு போய், உர்சுலா என்று ஞானஸ்நானப் பேர் வைத்து வளர்த்தாள். கலியாணம் கட்டாதவளுக்கு அந்தப் பிள்ளை மேல் வந்த பாசம் கொஞ்சநஞ்சமில்லை. உர்சுலா நல்ல பிள்ளை. ஆனால் பேசவே இல்லை. செவிடு கிடையாது. எங்கேயாவது கம்பிச்சடக்கில் கடப்பாரை விழுகிற சத்தம் வந்தால் சட்டென்று திரும்பும், உதடு லேசாக அசையும். மகதலேனா உடனே அதன் காதைப் பொத்துவாள்.

கேங் ஆட்கள் ஒவ்வொருவராகச் செத்துப்போனார்கள். கடைசி ஆள் நாகையா. சாவதற்கு ஒரு வாரம் முன்னால் தடியூன்றிக்கொண்டு கிள்ளானுக்கு வந்து, தள்ளி நின்றே பிள்ளையைப் பார்த்தான்.

"அக்கா, நாலு நாளும் அது பிடிக்கிற சொல்லை மட்டும்தான் கேட்டுச்சு" என்றான். "விடுற சொல்லை அது கேட்கவே இல்ல. இனிமே அந்தச் சொல்லு யாருக்கும் தெரியாது."

ஆயிரத்துத் தொள்ளாயிரத்து முப்பத்து மூன்று ஜனவரி ஒண்ணாம் தேதி. சர்க்கார் அன்றைக்குக் கடிகாரத்தையெல்லாம் இருபது நிமிஷம் முன்னால் தள்ளி வைக்கச் சொல்லியிருந்தது. பூசை முடிந்து வந்த மகதலேனா நாற்காலியில் ஏறி முள்ளைத் திருப்பினாள். "சர்க்காரே நேரத்துல கை வைக்குது, பார்த்தியாடி" என்று உர்சுலாவிடம் சிரித்தாள். பிள்ளைக்கு ஆறு வயசு நிறைந்த நாள். சாயங்காலம் இரண்டு பேருமாகக் கடலோரம் போவது என்று பேச்சு.

வாசலில் சைக்கிள் மணி அடித்தது. பக்கத்து மேரு கிராமத்திலிருந்து ஒருவன் மூச்சிரைக்க வந்திருந்தான். பெண்டாட்டிக்கு வலி, பிள்ளையின் கால் முதலில் தெரிகிறது என்றான்.

மகதலேனா பெட்டியை எடுத்தாள். உர்சுலா ஓடிவந்து அவள் சேலை முந்தானையைப் பிடித்துக்கொண்டது.

"சாயங்காலத்துக்குள்ள வந்துடுவேன்டி கண்ணு."

பிடி இறுகியது. பிள்ளையின் கண் நிறைந்துவிட்டது.

"அங்க ஒருத்தி துடிச்சுக்கிட்டுக் கிடக்கா. இந்தத் தடவை நான் லேட்டாப் போகக்கூடாது. விடுடி." அவள் அந்த விரல்களை ஒவ்வொன்றாகப் பிரித்தெடுத்துவிட்டு வாசலுக்கு நடந்தாள்.

பின்னாலிருந்து ஒரு சின்னக் குரல் கேட்டது. அழுகை கலந்த, சுத்தமான குரல். ஆறு வருஷமாக அவள் கேட்க ஏங்கிய குரல். என் பிள்ளை பேசிவிட்டது என்று ஒரு கணம் மனசு குதித்தது.

"ஊமரே கித்தாலோ."

சுவருக்குள்ளிருந்து எட்டுப் பேர் பதில் சொன்னார்கள்.

"நேம்."

அதில் ஒன்று நாகையாவின் குரல்.

நிலைப்படி தாண்டத் தூக்கிய மகதலேனாவின் கால் கீழே இறங்கவில்லை.

விடுடி என்று மறுபடி சொல்ல நினைத்தாள். "வி" மட்டும் வாயிலிருந்து கிளம்பியது, கிளம்பிக்கொண்டே இருந்தது. முற்றத்தில் வெயில் சரசரவென்று ஓடிச் சுவரேறி மறைந்தது. சைக்கிள்காரன் வாயைத் திறந்தான், மூடினான், இல்லாமல் போனான். மேருவில் அந்தப் பெண் என்ன ஆனாள் என்று நினைப்பதற்குள் இருட்டி விடிந்தது. மறுபடி இருட்டி விடிந்தது. வாசலில் ஆட்கள் நிழல் நிழலாகக் கூடினார்கள். யாரும் உள்ளே வரவில்லை. முற்றத்தில் லாலாங் புல் எழும்பி வந்தது.

உர்சுலா அவள் பக்கத்திலேயே நின்றது. முதலில் அந்தத் தலை அவள் இடுப்பில் சாய்ந்திருந்தது. ஒரு கண்ணிமைப்புக்குப் பிறகு விலாவில். இன்னொரு இமைப்பில் தோளில். முடி நீண்டு அவள் முழங்கையை உரசியது. இப்போது ஒரு பெண்ணின் மூச்சு, வெதுவெதுப்பாக, அவள் காதருகில்.

அந்த மூச்சு கொஞ்சம் நின்றது. பிறகு, அம்மாவைக் கொஞ்சுகிற குரலில், மறுபடியும் அழைத்தது.

சுவர் பதில் சொன்னது. இந்தத் தடவை ஒன்பது குரல்கள். ஒன்பதாவது மகதலேனாவின் குரல்.